அரை மணி நேர நாடகங்கள் வீண் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற வாரத் தங்கள் இதழின் வாசகர் கடிதப் பகுதியில், எங்கள் ஊர்க் கோயில் மண்டபத்தில் திரையிடப்பட்ட பழைய தொலைக்காட்சி நாடகம் ஒன்றைப் பற்றி அன்பர் ஒருவர் எழுதியிருந்தார். கறுப்பு வெள்ளைப் படம், ஒரே ஒரு கூடம், அரை மணி நேரமாகியும் ஒன்றுமே நடக்கவில்லை, வீட்டில் நாள்தோறும் பார்ப்பதையே திரையிலும் பார்ப்பதற்கு இளைஞர்களை ஞாயிற்றுக்கிழமை மாலையில் கூட்டி உட்கார வைப்பானேன் என்பது அவர் கடிதத்தின் சாரம். அரசுத் தொடக்கப் பள்ளிகளில் நெடுங்காலம் தமிழ் கற்பித்து ஓய்வுபெற்றவள் நான். அன்று ஓட்டப்பட்ட வீடியோ கேசட்டைக் கொடுத்தவளும் நானே. ஆகையால் இதற்கு மறுமொழி எழுதும் கடமை எனக்கு உண்டு என்று கருதுகிறேன்.

நிறத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அது சிறிய செய்திதான் என்றாலும் அதில் நம் மொரிசியஸ் நாட்டுக்கே உரிய வேடிக்கை ஒன்று இருக்கிறது. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. இந்தியாவில் வண்ண ஒளிபரப்பு வந்ததோ 1982-இல். எனவே தொடக்க ஆண்டுகளின் நாடகங்கள் கறுப்பு வெள்ளை என்பதில் ஐயமில்லை. ஆனால் மண்டபத்தில் நாம் பார்த்த நாடகம் அதற்குப் பிற்பட்டது, வண்ணத்தில் எடுக்கப்பட்டது. இந்தியா பின்பற்றியது பால் (PAL) என்னும் வண்ண ஒளிபரப்பு முறை. மொரிசியஸ் பின்பற்றியது பிரான்சு நாட்டின் செக்காம் (SECAM) முறை. பால் முறையில் பதிவான கேசட்டைச் செக்காம் மட்டுமே அறிந்த பெட்டியில் ஓட்டினால் உருவம் தெரியும், பேச்சு கேட்கும், வண்ணம் மட்டும் வராது. மதராஸுக்குப் போய்த் திரும்பிய உறவினர்களின் பெட்டிகளில் புடவைகளுக்கு நடுவே வந்து சேர்ந்த கேசட்டுகளையும், ரோஸ் ஹில்லிலும் போர்ட் லூயியிலும் வாடகைக்கு எடுத்த கேசட்டுகளையும் நம்மில் பலர் இப்படித்தான் பார்த்தோம். பல முறைகளையும் ஏற்கும் பெட்டி வைத்திருந்த அண்டை வீட்டுக்காரர் ஒருவரின் கூடத்தில் இந்த நாடகத்தை ஒருமுறை வண்ணத்தில் பார்த்தபோதுதான், அதுவரை சாம்பல் நிறம் என்று நான் எண்ணியிருந்த புடவை நல்ல கிளிப்பச்சை என்பது எனக்குத் தெரிந்தது. பின்னாளில் நகல் எடுத்தபோது வண்ணம் விடுபட்டுப் போயிற்று; மூலக் கேசட்டும் பூசணம் பிடித்துப் போய்விட்டது. அன்பர் குறை காணும் நிறமின்மை நாடகத்தின் முதுமையால் வந்ததன்று, நம் ஊர்ப் பெட்டிகளால் வந்தது.

இனி, ஒன்றுமே நடக்கவில்லை என்ற முக்கியமான குற்றச்சாட்டுக்கு வருகிறேன். அன்று மண்டபத்தில் பின்வரிசையில் பேச்சும் சிரிப்புமாக இருந்தபடியால் பலரும் முழுமையாகப் பார்த்திருக்க மாட்டார்கள். ஆகவே கதையைச் சற்று விரித்தே சொல்கிறேன். கேசட்டின் தொடக்கம் வெட்டுப்பட்டிருப்பதால் நாடகத்தின் பெயரும் எழுதியவர் பெயரும் அதில் இல்லை. நாம் பார்க்கத் தொடங்கும்போது, வேலைக்குச் சேர்ந்து ஒரு மாதம் ஆன மகள் மாலையில் வீடு திரும்புகிறாள். செருப்பைக் கழற்றிவிட்டு, யாரிடமும் பேசாமல், கைப்பையிலிருந்து சம்பளக் கவரை எடுத்துச் சாமி படத்தின் முன்னால் வைத்துக் கும்பிட்டுவிட்டு உள்ளே போய்விடுகிறாள். அவ்வளவுதான், அதன் பிறகு இருபது நிமிடத்திற்கும் மேலாக அந்தக் கவரை யாரும் தொடுவதில்லை.

தந்தை ஓய்வுபெற்றவர்; ஓய்வூதியம் இன்னும் கைக்கு வரவில்லை என்பது தாயின் பேச்சிலிருந்து நமக்குத் தெரிகிறது. தாய் நாட்காட்டித் தாளின் பின்புறத்தில் பால் கணக்கு, மளிகைக் கடைப் பாக்கி, பையனின் பள்ளிக் கட்டணம் என்று எழுதிக் கூட்டிப் பார்த்துவிட்டு அந்தத் தாளை மடித்து இடுப்பில் செருகிக்கொள்கிறாள். தந்தை திண்ணைக்கும் கூடத்துக்குமாக நடக்கிறார். கேமரா சாமி படத்தின் பக்கமாக அசையாமல் நிற்கிறது. முன்னால் கவர், பின்னால் அவருடைய வேட்டியும் வெறுங்காலும் மட்டும் போகின்றன, வருகின்றன. காது மந்தமான பாட்டி, "அதை அவன் கையிலே கொடுத்தால் என்ன?" என்று ஊருக்கே கேட்கும்படி கேட்கிறாள். "அப்பா வாங்க மாட்டார், பாட்டி" என்று உள்ளிருந்து மகளின் குரல் மட்டும் வருகிறது. அந்தக் குரலில் பெருமை இல்லை. குற்றம் செய்துவிட்டவளின் அச்சம் இருக்கிறது. வாசலில் பால்காரர் வந்து நின்று, நாளைக்கு வருகிறேன் என்று சொல்லிப் போகிறார். கடைசியில் தாய்தான் எழுந்து, கவரைப் பிரித்து, எண்ணிப் பார்க்காமல் மேலாக இருந்த பத்து ரூபாய்த் தாளை உருவி, மகனைக் கூப்பிட்டு, காலையிலேயே தீர்ந்துபோன காப்பிப் பொடி வாங்கி வரச் சொல்லுகிறாள். பையன் படியிறங்கும்போது திண்ணையிலிருந்து தந்தையின் குரல் கேட்கிறது: "சிக்கரி கலக்காமக் குடுக்கச் சொல்லுடா." நாடகம் அங்கே முடிந்துவிடுகிறது.

ஒன்றும் நடக்கவில்லை என்று இதைச் சொல்ல முடியுமா? குடும்பத்தைத் தாங்கிய கை மாறியிருக்கிறது. அதைத் தந்தை ஏற்றுக்கொண்டார் என்பதை ஒரு சொல்லாலும் சொல்லாமல், காப்பிப் பொடியைப் பற்றிய ஓர் அதிகாரக் குரலாலேயே எழுதியவர் சொல்லிவிட்டார். அந்த வீட்டில் அவருக்கு இனி எஞ்சியிருக்கும் அதிகாரம் அதுதான் என்பதையும் அதே சொற்களால் சொல்லிவிட்டார். பின்னணி இசை எழும்பவில்லை, யாரும் யார் காலிலும் விழவில்லை, கண்ணீர் வடிக்கும் முகம் ஒன்றுகூட நெருக்கத்தில் காட்டப்படவில்லை. என் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கதை எழுதக் கற்றுக்கொடுத்த காலத்தில் இவ்வளவு சிக்கனமான முடிவு ஒன்று கையில் இருந்திருந்தால் எத்தனையோ பாடங்கள் எளிதாகியிருக்கும்.

மதராஸ் நடுத்தர வீட்டுக் கதை நமக்கெதற்கு என்று அன்பர் கேட்கக்கூடும். 1970-இல் வந்த சட்டத்தால், சோன் ஃபிரான்ஷ் என்று நாம் சொல்லும் ஏற்றுமதித் தொழில் மண்டலம் இந்த நாட்டில் உருவானதையும், பின்னலாடை ஆலைகளும் தையல் ஆலைகளும் ஊருக்கு ஊர் எழுந்ததையும், 1980-களில் அவற்றில் வேலை செய்தவர்களில் பெரும்பாலோர் பெண்களாகவே இருந்ததையும் அவருக்கு நினைவூட்ட விரும்புகிறேன். கரும்புத் தோட்டத்திலும் சர்க்கரை ஆலையிலும் ஆண்கள் கொண்டுவந்த கூலியில் நடந்த வீடுகளுக்குள் அந்த ஆண்டுகளில்தான் மகளின் சம்பளம் நுழைந்தது. விடியுமுன் வந்து நிற்கும் ஆலை வேனுக்காக என் அக்காள் டிபன் பெட்டியோடு தெருமுனையில் காத்திருந்ததும், மாதக் கடைசியில் அவள் கொண்டுவந்த உறையை வாங்காமல் எங்கள் தந்தை கோழிக்கூண்டைச் செப்பனிடப் போய்விட்டதும் எனக்குத் தெரியும். அக்காளும் நானும் இந்த நாடகத்தைச் சேர்ந்து பார்த்தபோது அவள் ஒன்றும் பேசவில்லை. கேசட்டைத் திருப்பி ஓட்டச் சொன்னாள். மொரிசியஸ் தமிழ்க் குடும்பங்கள் பலவற்றில் நடந்த கதை இது என்று சொன்னால் மிகையாகாது. ஆனால் நான் அறிந்தவரை நம்மவர் எவரும் அதை எழுதி வைக்கவில்லை. கடலுக்கு அப்பாலிருந்து முன்பின் அறியாத ஒருவர் எழுதியதில்தான் நாம் நம்மைக் கண்டுகொள்ள வேண்டியிருந்தது.

அந்தக் கால நாடகங்களின் அடக்கத்துக்கு எழுதியவர்களின் திறமை மட்டும் காரணமன்று. சென்னை நிலையத்தின் நாடகங்களில் நடித்தவர்கள் பெரும்பாலும் சபா மேடைகளிலிருந்தும் வானொலியிலிருந்தும் வந்தவர்கள். மேடையில் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி பேசிப் பழகியவர்களும், ஒலிவாங்கியின் முன் முகம் காட்டாமல் குரலாலேயே நடித்தவர்களும் ஒரே கூடத்தில் நின்று பேசினார்கள். நாடா விலை உயர்ந்தது, வெட்டி ஒட்டும் வசதி குறைவு. ஆகையால் ஒரு காட்சியை நீளமாகவே எடுத்தார்கள், நடிகர்கள் வசனத்தை முழுதாக மனப்பாடம் செய்தே வந்தார்கள். நேரமோ அரை மணி. தொடர் என்று வந்தபோதும் பதின்மூன்று வாரங்களே அன்றைய தூர்தர்ஷனின் வழக்கமான அளவு. 1984-இல் இந்தியில் தொடங்கிய 'ஹம் லோக்' குடும்பத் தொடர் மிக நீண்டதாகப் பேசப்பட்டது. அதுவே நூற்றைம்பதுக்குச் சற்று மேற்பட்ட பகுதிகளோடு மறு ஆண்டில் நிறைவுற்றது. அதற்குப் பிறகு, பெரும்பாலும் ஒரு கதையை ஒரே பகுதியில் முடித்துக்காட்டிய 'மால்குடி டேஸ்' கர்நாடகத்து ஆகும்பே கிராமத்தில் எடுக்கப்பட்டு, நாடு முழுவதும் விரும்பிப் பார்க்கப்பட்டது. 1993-இல் தனியார் தமிழ் அலைவரிசை வந்த பிறகு நிலைமை மாறியது. ஆயிரத்து ஐந்நூறு பகுதிகளைத் தாண்டி ஓடிய தமிழ்த் தொடரும் உண்டு. அந்த அளவுக்கு நீட்டுவதற்குச் சம்பளக் கவர் போதாது. கவரைத் திருட ஒருவர் வேண்டும், திருடியவரைக் காட்டிக்கொடுக்க ஒரு நாத்தனார் வேண்டும், அவளுக்கு விஷம் வைக்க ஒரு மாமியார் வேண்டும். செயற்கைக்கோள் வழியே அவை நம் வீட்டுக்குள் வருவதை நான் குறை சொல்ல வரவில்லை; நானும் பார்ப்பவள்தான். ஆனால் அவற்றைப் பார்த்துப் பழகிய கண்ணோடு பழைய நாடகத்தின் முன் உட்கார்ந்து, ஒன்றும் நடக்கவில்லை என்று சொல்வது நாடகத்தின் குற்றமாகாது.

பழையன எல்லாம் பொன் என்று நான் வாதாடவில்லை. அக்கால நாடகங்களில் பல, சிறுசேமிப்பையும் குடும்பக் கட்டுப்பாட்டையும் புகட்டுவதற்கென்றே எழுதப்பட்டவை. கடைசி மூன்று நிமிடத்தில் பெரியவர் ஒருவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு அறிவுரை சொல்லத் தொடங்குவார், அதோடு கதை செத்துவிடும். காட்டப்பட்ட வீடுகளும் பெரும்பாலும் ஒரே வகையானவை: மயிலாப்பூரையோ திருவல்லிக்கேணியையோ ஒட்டிய, அலுவலகத்தில் வேலை பார்க்கும் குடும்பங்கள். வயலில் உழைத்தவர்களையும் ஆலையில் உழைத்தவர்களையும் அந்தத் திரையில் தேடினால் வேலைக்காரியாகவோ வண்டிக்காரராகவோ ஓரத்தில்தான் காண முடியும். கூலிக்காரர்களாகக் கப்பலேறி வந்தவர்களின் வழிவந்த நமக்கு இது உறுத்தத்தான் செய்யும். எனவே எதைக் காட்டுவது என்று தேர்ந்தெடுக்க வேண்டும். அந்தத் தேர்வைச் செய்வதற்குக் கையில் கேசட்டுகள் இருக்க வேண்டும்.

ஆசிரியை என்ற முறையில் எனக்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. நம் பிள்ளைகள் பள்ளியில் தமிழை விருப்பப் பாடமாகப் படிக்கிறார்கள். கோயிலில் தேவாரமும் திருப்புகழும் பாடுகிறார்கள். தைப்பூசத்தன்று காவடி எடுக்கும்போது அரோகரா சொல்லுகிறார்கள். வீட்டிலோ அடுப்படியிலிருந்து படுக்கையறைவரை இந்நாட்டுப் பேச்சுமொழியான கிரியோல்தான். திருக்குறளைப் பிழையின்றி ஒப்பிக்கும் மாணவிக்கு, பாட்டியிடம் இன்னும் கொஞ்சம் குழம்பு ஊற்றச் சொல்லத் தமிழ் வராது. அப்படிச் சொல்லி அவள் கேட்டதே இல்லை. திரைப்படப் பாட்டு அந்தக் குறையைத் தீர்க்காது. நெடுந்தொடர்களில் பேசப்படும் தமிழும் பெரும்பாலும் சவாலும் சாபமுமாகவே இருக்கிறது. பால்காரரிடம் தவணை சொல்லும் தமிழும், கோபத்தை மறைத்துக்கொண்டு மகளைச் சாப்பிடக் கூப்பிடும் தமிழும், பாட்டியின் காதில் விழாதபடி கணவனிடம் பேசும் தமிழும் இந்த அரை மணி நாடகங்களில் இருக்கின்றன. அதுவும் மேடையில் பழகிய நாவில், ஒவ்வொரு சொல்லும் தனித்தனியே காதில் விழும்படி இருக்கின்றன. மண்டபத்தில் சிரித்துக்கொண்டிருந்த பிள்ளைகளில் இருவர் மறுநாள் என்னைத் தெருவில் கண்டு, "சிக்கரி கலக்காமக் குடுக்கச் சொல்லுடா" என்று அந்தத் தந்தையின் குரலிலேயே சொல்லிக்காட்டிவிட்டு ஓடினார்கள். கேலிதான் என்றாலும் உச்சரிப்பில் ஒரு பிழையும் இல்லை.

ஆகவே அன்பர் சொல்வதுபோல் இந்த முயற்சியைக் கைவிடாமல், விரிவுபடுத்த வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். அதற்கு முதல் வேலை, நம் வீடுகளில் எஞ்சியிருக்கும் கேசட்டுகளைக் காப்பாற்றுவது. மூல நாடாக்கள் எல்லாம் எங்கோ பத்திரமாக இருக்கும் என்று எண்ணிவிட வேண்டாம். உலகின் பெரிய ஒளிபரப்பு நிலையங்களே நாடாவின் விலைக்கு அஞ்சிப் பழைய நிகழ்ச்சியை அழித்து அதே நாடாவில் புதியதைப் பதிவு செய்த காலம் அது. நாமும் அதையே செய்தோம். நாடகம் இருந்த கேசட்டின்மேல் யார் வீட்டுக் கல்யாணத்தையோ ஞாயிற்றுக்கிழமைப் படத்தையோ பதிவு செய்யாத குடும்பம் அரிது. மிஞ்சியவை அலமாரியின் அடித்தட்டில் கிடக்கின்றன. கியூர்பிப் பக்கத்து மழையிலும் ஈரத்திலும் அவற்றின் நிலை எப்படி இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

கேசட் கிடைத்தவுடன் ஓட்டிப் பார்க்கும் ஆவல் எவருக்கும் எழும். அதைத்தான் செய்யக் கூடாது. சாளரம் போன்ற ஒளிபுகும் பகுதி வழியாக நாடாச் சுருளைப் பார்த்து, ஓரத்தில் வெள்ளைப் பொடிபோலவோ நூல்போலவோ தெரிந்தால் அது பூசணம். அப்படியே ஓட்டினால் இயந்திரத்தின் தலைப்பகுதியில் அது ஒட்டிக்கொண்டு, அடுத்து ஓட்டும் கேசட்டுகளுக்கும் பரவும். நாடா அறுந்துபோகவும் கூடும். அத்தகையவற்றைத் தனியாக எடுத்து வைத்து, சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுக்க வேண்டும். நல்ல நிலையில் இருப்பவற்றின் முதுகுப்பக்கத்தில் உள்ள சிறு பிளாஸ்டிக் தகட்டை உடைத்துவிட்டால் தவறியும் மேலே எதுவும் பதிவாகாது. படுக்க வைக்காமல் புத்தகம்போல் நிறுத்தி வைக்க வேண்டும். நகல் எடுக்கும்போது, என் கேசட்டுக்கு நேர்ந்தது நேராதிருக்க, பால் முறையை அறிந்த இயந்திரத்தில்தான் ஓட்ட வேண்டும். இவ்வகை இயந்திரங்களைக் கடைசிவரை செய்துவந்த ஜப்பான் நாட்டு ஃபுனாய் நிறுவனமும் 2016 ஜூலையோடு உற்பத்தியை நிறுத்திவிட்டது. இப்போது ஓடிக்கொண்டிருப்பவை பழுதானால் உதிரிப் பாகம் கிடைப்பது கடினம். அதனால்தான் அவசரப்படுகிறேன்.

இந்தியாவில் தூர்தர்ஷனின் பழைய நிகழ்ச்சிகள் பிரசார் பாரதியின் ஆவணக் காப்பகத்தில் உள்ளன. சிலவற்றை இணையத்திலும் வெளியிட்டு வருகிறார்கள். பொதிகை என்று நாம் அறிந்திருந்த சென்னை அலைவரிசை 2024 ஜனவரி முதல் டிடி தமிழ் என்ற பெயரில் இயங்குகிறது. 1965 முதல் தொலைக்காட்சி நடத்திவரும் நம் மொரிசியஸ் ஒளிபரப்புக் கழகம் அவர்களிடம் முறைப்படி உரிமை பெற்று, வாரத்துக்கு அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும். அரை மணிக்கு மேல் நான் கேட்கவில்லை. நம் கலை பண்பாட்டு அமைச்சகம் நடத்தும் நாடகப் போட்டிகளில் தமிழ் நாடகம் போடும் இளைஞர்களும் இவற்றைப் பார்த்தால், மன்னர் கதைகளை விட்டுவிட்டு நம் ஊர்ச் சம்பளக் கவரைப் பற்றி எழுதத் துணிவார்கள்.

அதுவரை காத்திராமல், ஒலி ஒளி ஆவணங்களைக் காப்பதற்கென்று யுனெஸ்கோ குறித்திருக்கும் அக்டோபர் 27 அன்று எங்கள் மண்டபத்தில் அடுத்த திரையிடலை வைத்துக்கொள்ளக் கோயில் நிர்வாகத்தார் இசைந்திருக்கிறார்கள். இம்முறை, தமிழ் புரியாத இளைஞர்களுக்காகத் திரையின் அடியில் கிரியோல் மொழியில் வசனம் ஓட வேண்டும் என்பது என் விருப்பம். அன்று பின்வரிசையில் எழுந்த பேச்சுக்குப் புரியாமையே காரணம் என்று நினைக்கிறேன். சம்பளக் கவர் நாடகத்தின் வசனங்களை நான் கிரியோலில் எழுதி முடித்துவிட்டேன். கணினியில் அவற்றைப் படத்தோடு பொருத்தித் தரக்கூடிய இளைஞர் ஒருவரும், இரண்டாவது நாடகத்துக்கு வசனம் எழுத ஒருவரும் தேவை. குறை கூறி எழுதிய அன்பரின் கடிதத்தில் மொழி நன்றாக இருந்தது. அந்த இரண்டாவது வேலையை அவரே ஏற்றுக்கொண்டால் மகிழ்வேன். கேசட் வைத்திருப்பவர்களும் உதவ விரும்புகிறவர்களும் தங்கள் அலுவலகத்தின் வழியாக எனக்குத் தெரிவிக்கலாம் என்ற குறிப்பை இக்கடிதத்தின் கீழ் வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியை ஒருவர்
ரோஸ் ஹில், மொரிசியஸ்